தொப்பியில் விழும் நீர்

இரவு பதினொன்றுக்கு மேல் 'ஏலியன்' படத்தை மறுபடி போட்டேன். முழுவதும் பார்க்கும் எண்ணமில்லை. ஒரே ஓர் இடம்தான் வேண்டியிருந்தது.

விண்கலத்தின் அடிப்பகுதியில் சங்கிலிகள் தொங்கும் பெரிய கூடம். ப்ரெட் என்கிற மெக்கானிக் பூனையைத் தேடிக்கொண்டு அங்கே வருகிறான். பூப்போட்ட ஹவாய் சட்டை, தலையில் தொப்பி. மேலே எங்கிருந்தோ தண்ணீர் சொட்டுகிறது. பூனையைக் கொஞ்ச நேரம் மறந்துவிட்டு, அந்தச் சொட்டுக்கு நேர் கீழே போய் நின்று முகத்தை அண்ணாந்து காட்டுகிறான். தொப்பியில் நீர் பட்டுத் தெறிக்கிறது. வெயிலில் நெடுந்தூரம் நடந்து வந்தவன் குழாயடியில் நிற்கிற மாதிரி நிற்கிறான்.

அடுத்து என்ன வரும் என்று படம் பார்த்தவர்களுக்குத் தெரியும். நான் அதற்கு முன்பே நிறுத்திவிட்டேன். 1979இல் உலகத்தையே பயமுறுத்திய படம் அது. அதன் நடுவில் ஒருவர் தண்ணீரில் நிற்பதை மட்டும் இத்தனை வருடமாக ஞாபகம் வைத்திருக்கிறேன். அவர் பெயர் ஹாரி டீன் ஸ்டான்டன். அந்தப் படத்தில் அவருக்குப் பேச்சே அதிகமில்லை. சக தொழிலாளி பார்க்கர் சம்பளப் பங்கைப் பற்றிப் புலம்பினாலும் 'ரைட்' என்பார், வேறு யார் எதைச் சொன்னாலும் 'ரைட்' என்பார். தேர்வுக்குப் போனபோது, தனக்கு விண்வெளிப் படங்களும் பூதப் படங்களும் பிடிக்காது என்று இயக்குநர் ரிட்லி ஸ்காட்டிடமே சொல்லிவிட்டாராம். எனக்கும் பிடிக்காது என்றாராம் ஸ்காட்.

*

இந்த மாதம் அவருடைய படங்களை வரிசையில்லாமல் பார்த்து வருகிறேன். இந்தக் குறிப்புகளும் வரிசையில்லாமல்தான் வரும்.

*

பிறந்தது 1926 ஜூலை 14, கென்டக்கி மாநிலத்தில் வெஸ்ட் இர்வைன் என்ற சிற்றூர். அப்பா புகையிலை பயிரிட்டவர், முடிதிருத்தும் வேலையும் பார்த்தவர். மகன் உயர்நிலைப் பள்ளியில் படிக்கும்போதே பெற்றோர் பிரிந்தார்கள். இரண்டாம் உலகப் போரில் கடற்படைக்குப் போனார். டாங்கிகளையும் தளவாடங்களையும் கரையில் இறக்கும் கப்பல் ஒன்றில் சமையல்காரர். அந்தக் கப்பல் 1945இல் ஒக்கினாவா சண்டையில் இருந்தது. தற்கொலை விமானங்கள் கப்பல்களின் மேல் வந்து விழுந்த கடல் அது. பத்தொன்பது வயதுகூட நிரம்பாத பையன் அங்கே சமைத்துக்கொண்டிருந்தான்.

திரும்பி வந்து கென்டக்கி பல்கலைக்கழகத்தில் இதழியலும் வானொலியும் படித்தார். அங்கே பெர்னாட் ஷாவின் 'பிக்மேலியன்' நாடகத்தில் நடித்தார். படிப்பு பாதியில் நின்றது. கலிபோர்னியா போய் பாசடீனா நாடகப் பள்ளியில் சேர்ந்தார்.

அந்தக் கப்பல் சமையலறையை இங்கே எழுதி வைத்துக்கொள்கிறேன். எழுபது வருடம் கழித்து அது ஒரு படத்துக்குள் வருகிறது.

*

1950களிலும் 60களிலும் அமெரிக்கத் தொலைக்காட்சியில் குதிரைகள் ஓடாத மாலை கிடையாது. 'கன்ஸ்மோக்', 'ராஹைட்', 'பொனான்சா', 'ஹேவ் கன், வில் டிராவல்'. இவற்றில் வாராவாரம் ஒரு புதிய ஊரும் ஒரு புதிய குற்றவாளியும் தேவைப்பட்டார்கள். ஊர் எப்போதும் ஒரே ஸ்டூடியோ ஊர்தான். குற்றவாளி மட்டும் மாறுவான். ஒல்லியாக, கன்னம் ஒட்டி, சவரம் செய்யாமல், பசித்த கண்ணோடு ஒருவன். ஸ்டான்டனுக்கு அந்த முகம் பிறவியிலேயே அமைந்திருந்தது.

அப்போது டைட்டிலில் அவர் பெயர் டீன் ஸ்டான்டன். ஹாரி ஸ்டான்டன் என்று வேறொரு நடிகர் இருந்ததால் தன் பெயரில் பாதியைச் சுருட்டி வைத்துவிட்டார். 1971 வாக்கில்தான் முழுப்பெயரும் திரும்பி வந்தது. கிட்டத்தட்ட பதினைந்து வருடம் பாதிப் பெயரில் ஓடியிருக்கிறது.

அந்த வேலை எப்படிப்பட்டது என்று யோசித்துப் பார்க்கிறேன். நாலைந்து நாள் படப்பிடிப்பு. மதுக்கடையில் நாயகனின் தோளுக்குப் பின்னால் நிற்க வேண்டும், நாயகன் பேசி முடிக்கும்வரை காத்திருக்க வேண்டும், ஒரு வார்த்தை சொல்ல வேண்டும், சுடப்பட்டு விழ வேண்டும். கேமரா அவரைப் பார்க்க வருவதில்லை. நாயகனைப் பார்க்கிற வழியில் அவர் தற்செயலாகச் சட்டத்துக்குள் இருக்கிறார். அப்படிப்பட்ட இடத்தில் இருப்பவருக்கு இரண்டு வழி உண்டு. கண்ணை உருட்டி, தொப்பியைச் சுழற்றி, கதவுச் சட்டத்தில் சாய்ந்து, எப்படியாவது பார்வையைத் தன் பக்கம் இழுக்கலாம். இல்லையென்றால் அங்கே இருக்கலாம்.

பழைய துண்டுகள் சில கிடைத்தன. ஆரம்பத்தில் அவரும் கண்ணை உருட்டத்தான் செய்கிறார்.

*

மாற்றம் எங்கே வந்தது என்பதற்கு அவரே சொன்ன கதை ஒன்று இருக்கிறது. ஜாக் நிக்கல்சன் அவருக்கு நெருங்கிய நண்பர். 1962இல் நடந்த நிக்கல்சன் கல்யாணத்தில் மாப்பிள்ளைத் தோழனாக நின்றவர் ஸ்டான்டன். பிற்பாடு லாரல் கேன்யனில் இருவரும் ஒரே வீட்டில் குடியிருந்தார்கள். நிக்கல்சன் எழுதி, மான்டி ஹெல்மன் இயக்கிய சிக்கனமான கௌபாய் படம் 'ரைட் இன் த வேர்ல்விண்ட்'. அதில் கொள்ளைக் கூட்டத் தலைவன் வேடத்தை ஸ்டான்டனை மனத்தில் வைத்து எழுதிவிட்டு, நிக்கல்சன் ஒரு நிபந்தனை போட்டாராம்: நீ எதுவும் செய்யாதே. நடிப்பை உடுப்பு பார்த்துக்கொள்ளும்.

கண்ணில் ஒரு பட்டை கட்டியிருந்தார் அந்தப் படத்தில். உடுப்பு பார்த்துக்கொண்டது.

தமிழில் 'சும்மா' என்ற சொல்லுக்கு எத்தனை வாசல். வேலையில்லாமல், காசில்லாமல், காரணமில்லாமல், பேசாமல், விளையாட்டுக்கு, எல்லாமே சும்மாதான். நிக்கல்சன் சொன்னதை நம் பேச்சில் சொன்னால் 'சும்மா இருடா' என்று வரும். நாம் இதைக் குழந்தையை அதட்டவும் சொல்கிறோம், சித்தர்களின் பேச்சாகவும் சொல்கிறோம். ஆனால் கேமராவுக்கு முன்னால் அப்படி இருந்து பார்த்தவர்களுக்குத்தான் அதன் கஷ்டம் தெரியும். உறவுக்காரர் வீட்டுக் கல்யாணத்தில் வீடியோக்காரர் விளக்கைப் போட்டதும் நம் கைக்கு இடம் தெரியாமல் போய்விடுகிறது. சாப்பிட்டுக்கொண்டிருப்பவர் சாப்பிடுவதுபோல நடிக்கத் தொடங்கிவிடுகிறார்.

*

'கூல் ஹாண்ட் லூக்', 1967. சிறைக் கைதிகளின் படம், பால் நியூமனின் படம். ஸ்டான்டன் அதில் ட்ராம்ப் என்கிற கைதி. கிட்டாரோடு ஒரு பக்திப் பாட்டு பாடுகிறார். குரல் கொஞ்சம் நடுங்கும், சுருதியின் ஓரத்தைத் தொட்டுக்கொண்டே போகும். மேடைப் பாடகர் குரல் கிடையாது. வீட்டில் யாருமில்லை என்று நினைத்துப் பாடுகிறவர் குரல்.

வாழ்நாள் முழுக்கப் பாடியிருக்கிறார். லாஸ் ஏஞ்சலிஸில் அவர் பெயரிலேயே ஒரு இசைக்குழு இருந்தது. மெக்சிகோப் பாட்டும் நாட்டுப்புறப் பாட்டும் சிறிய கூடங்களில் பாடுவார், ஹார்மோனிகா வாசிப்பார். சோஃபி ஹூபர் 2012இல் அவரைப் பற்றி எடுத்த ஆவணப்படத்தில் பேசியதைவிடப் பாடியது அதிகம். கேள்வி கேட்டால் ஒரு வார்த்தை பதில், பிறகு புகை, பிறகு ஒரு பாட்டு. உங்களை எப்படி நினைவில் வைக்க வேண்டும் என்று இயக்குநர் டேவிட் லிஞ்ச் அதில் கேட்கிறார். அதெல்லாம் பொருட்டில்லை என்று ஸ்டான்டன் முடித்துவிடுகிறார்.

பௌத்தமும் தாவோவும் படித்தவர். 'நான்' என்று ஒன்று கிடையாது, எல்லாம் சூனியம் என்று பேட்டிகளில் திரும்பத் திரும்பச் சொல்வார். சூனியத்தைப் பற்றிப் பேசுகிறவர்களிடம் எனக்கு எப்போதும் கொஞ்சம் சந்தேகம் உண்டு. இவர் அதைச் சொல்லிவிட்டு அடுத்த சிகரெட்டைப் பற்றவைக்கும் வேகத்தைப் பார்த்து இவரை மட்டும் நம்பினேன்.

*

திரைவிமர்சகர் ரோஜர் ஈபர்ட் ஒரு விதி வைத்திருந்தார். ஸ்டான்டனோ எம்.எம்மெட் வால்ஷோ துணைவேடத்தில் இருக்கும் எந்தப் படமும் முழு மோசமாக இருக்க முடியாது. பிறகு அவரே விதிவிலக்குகளையும் கண்டுபிடித்தார். நான் பார்த்தவரை, மோசமான படங்கள் இருக்கத்தான் செய்கின்றன. ஸ்டான்டன் இருக்கும் அந்த நாலு நிமிடம் மட்டும் படம் மூச்சுவிடுகிறது.

*

1983. நியூ மெக்சிகோவில் சான்டா ஃபே நகரத்து மதுக்கடை ஒன்று. நாடகாசிரியர் சாம் ஷெப்பர்டோடு உட்கார்ந்திருக்கிறார். இத்தனை வருடம் செய்த வேடங்கள் அலுத்துவிட்டன, கொஞ்சம் அழகும் மென்மையும் உள்ள ஒன்றைச் செய்ய ஆசை என்று சொல்கிறார். வேடம் கேட்பதற்காக அதைச் சொல்லவில்லை என்றுதான் பிறகும் சொன்னார். ஷெப்பர்ட் அப்போது ஜெர்மன் இயக்குநர் விம் வெண்டர்ஸுக்காக ஒரு கதை எழுதிக்கொண்டிருந்தார். கொஞ்ச நாள் கழித்து தொலைபேசி வந்தது.

நடிகருக்கு வயது 57. நாயகனாக அதுவரை யாரும் அழைத்ததில்லை.

*

'பாரிஸ், டெக்சாஸ்'. இதை வேகமாக எழுத முடியவில்லை. மூன்று இரவு ஆனது.

மெக்சிகோ எல்லைக்குப் பக்கத்தில் டெர்லிங்குவா பாலை. ஒருவன் நடந்து வருகிறான். தூசி படிந்த கோட்டு, கழுத்தில் டை, தலையில் சிவப்புத் தொப்பி. கையில் பிளாஸ்டிக் கேன், அடியில் ஒரு வாய்த் தண்ணீர். பாறை மேல் ஒரு கழுகு அவனைப் பார்க்கிறது. கடைசித் தண்ணீரைக் குடித்துவிட்டுக் கேனை எறிந்துவிட்டுப் பாதையில்லாத பக்கமாக நடக்கிறான். ரை கூடரின் கிட்டார் கம்பியில் வழுக்கி அழுகிறது. ஒரு கடைக்குள் நுழைந்து ஐஸை வாயில் போட்டுக்கொண்டு அப்படியே சரிந்து விழுகிறான்.

படம் தொடங்கி ஏறக்குறைய இருபத்தைந்து நிமிடம் அவன் வாய் திறப்பதில்லை. பெயர் ட்ராவிஸ். தம்பி வால்ட் லாஸ் ஏஞ்சலிஸிலிருந்து வந்து காரில் ஏற்றிக்கொள்கிறான், கேட்கிறான், கெஞ்சுகிறான், கோபப்படுகிறான். நான்கு வருடம் எங்கே இருந்தாய்? பதில் இல்லை. டீன் ஸ்டாக்வெல் அந்தத் தம்பியாக மிக நன்றாக நடித்திருக்கிறார். ஆனால் நம் கண் பேசுகிறவரிடம் இருப்பதில்லை, கேட்டுக்கொண்டிருப்பவரிடமே இருக்கிறது. முப்பது வருடமாக மற்றவர்கள் பேசி முடிக்கட்டும் என்று சட்டத்தின் ஓரத்தில் நின்றவருக்கு இப்போது சட்டம் முழுவதையும் கொடுத்திருக்கிறார்கள். அவர் அதே இடத்தில் அதே மாதிரிதான் நிற்கிறார். நடுவில் வைத்துவிட்டார்களே என்று ஒரு புருவத்தைக்கூடக் கூடுதலாக அசைக்கவில்லை. இந்த மாதத்தில் நான் கண்டுகொண்ட ஒரே விஷயம் இதுதான் என்று நினைக்கிறேன். அந்தத் துணைவேடங்கள் இதற்கான பயிற்சி என்று சொன்னால் அவரே சிரிப்பார். அவர் எதற்காகவும் பயின்றதுபோலத் தெரியவில்லை. ஆனாலும் அந்தக் காத்திருப்பு முழுவதும் இந்த நடையில் இருக்கிறது.

வாய் திறந்து சொல்லும் முதல் வார்த்தை 'பாரிஸ்'. டெக்சாஸில் அப்படி ஓர் ஊர் இருக்கிறது. அங்கே தபாலில் வாங்கிய வெற்று மனையின் புகைப்படத்தைச் சட்டைப்பையில் வைத்திருக்கிறான். தன் தாய்தகப்பன் முதன்முதலில் கூடிய ஊர் அதுதான், தன் தொடக்கம் அங்கேதான் என்று நம்புகிறான்.

*

அதே படம், அடுத்த இரவு. தம்பி வீடு. அங்கே வளரும் எட்டு வயது மகன் ஹன்டருக்கு அப்பாவை அடையாளமே தெரியவில்லை. ட்ராவிஸ் தூங்குவதில்லை. விடிவதற்குள் பாத்திரமெல்லாம் கழுவிவிட்டு, வீட்டிலுள்ள எல்லோருடைய காலணிகளையும் துடைத்து வரிசையாக வைத்துவிடுகிறான். அன்பைச் சொல்ல வழி தெரியாத ஆண்களுக்கு எல்லா ஊரிலும் ஒரே வேலைதான் கிடைக்கிறது போலிருக்கிறது.

அப்பா என்றால் எப்படி இருக்க வேண்டும் என்று வீட்டு வேலைக்கார அம்மாளிடம் பாடம் கேட்கிறான். கோட்டும் தொப்பியும் போட்டு, தலையை நிமிர்த்தி, விறைப்பாக நடந்து காட்டுகிறான். அந்தக் கோலத்தோடு பள்ளிக்கூட வாசலில் போய் நிற்கிறான். மகன் தெருவுக்கு இந்தப் பக்கம், அப்பா அந்தப் பக்கம். இருவரும் வீட்டை நோக்கி நடக்கிறார்கள். அப்பா நடப்பதை மகன் நடந்து காட்டுகிறான், மகன் செய்வதை அப்பா செய்கிறான். நடுவில் தெரு. கார்கள் போய்க்கொண்டிருக்கின்றன. ஒரு பேச்சு இல்லை. வீடு வருவதற்குள் அவர்கள் அப்பாவும் மகனும் ஆகிவிடுகிறார்கள். இந்தக் காட்சியை நான்கு தடவை ஓட்டிப் பார்த்தேன். எந்த அடியில் அது நடக்கிறது என்று பிடிபடவில்லை.

*

ஹூஸ்டன் நகரம். மனைவி ஜேன் ஒரு கண்ணாடி அறையில் வேலை செய்கிறாள். ஆண்கள் காசு கொடுத்து இருட்டுப் பக்கம் உட்கார்ந்து அவளைப் பார்க்கலாம், தொலைபேசியில் பேசலாம். அவளுக்குத் தெரிவது தன் முகம் மட்டும்தான். நஸ்டாசியா கின்ஸ்கி, இளஞ்சிவப்புக் கம்பளிச் சட்டையில் வந்தவள் இரண்டாம் தடவை கறுப்பில் இருக்கிறாள்.

அந்த இரண்டாம் தடவைதான் ட்ராவிஸ் பேசுகிறான். பேசத் தொடங்கும் முன் நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொண்டு அவளுக்கு முதுகைக் காட்டி உட்கார்கிறான். அவள்தான் தன்னைப் பார்க்கப் போவதில்லையே, பிறகு ஏன் திரும்ப வேண்டும்? பார்த்துக்கொண்டே சொல்ல முடியாததைச் சொல்லப் போகிறான். எனக்குத் தெரிந்த இருவரைப் பற்றி ஒரு கதை சொல்கிறேன் என்று தொடங்குகிறான். காதல், குடி, சந்தேகம், கட்டிப்போட்ட கொடுமை, நெருப்பு, ஓட்டம், எல்லாம் மூன்றாம் ஆளின் கதையாக வருகிறது. குரல் ஏறுவதே இல்லை. விலாசம் சொல்வதுபோலச் சொல்கிறார் ஸ்டான்டன். அரைமணி நேரம் ஊமையாக நடந்த உதடுகள் இப்போது நிற்காமல் பேசுகின்றன. இதற்கும் அதற்கும் நடிப்பில் வேறுபாடே இல்லை என்பதுதான் ஆச்சரியம். அதே அமைதி, இப்போது அதில் சொற்கள் இருக்கின்றன, அவ்வளவுதான்.

கதையின் பாதியில் அவளுக்குப் புரிந்துவிடுகிறது. பிறகு அவள் தன் அறையின் விளக்கை அணைக்கிறாள், அவன் மேசை விளக்கைத் தன் முகத்துக்குத் திருப்புகிறான். ஒளிப்பதிவாளர் ராபி முல்லர் அந்தக் கண்ணாடியில் இரண்டு முகத்தையும் ஒன்றின் மேல் ஒன்றாக விழ வைத்திருக்கிறார். அவளுடைய தலைமுடி, அவனுடைய முகம்.

ட்ராவிஸ் தாயையும் பிள்ளையையும் ஓர் ஓட்டல் அறையில் சேர்த்துவிட்டு, தூரத்துக் கார் நிறுத்தத்தில் நின்று ஜன்னலைப் பார்த்துவிட்டுப் போய்விடுகிறான். 1984இல் கான் திரைவிழாவின் தங்கப்பனை அந்தப் படத்துக்குக் கிடைத்தது. ஸ்டான்டனுக்கு ஆஸ்கர் பரிந்துரைகூட அந்த வருடமோ பிறகோ ஒருபோதும் வரவில்லை.

*

அதே 1984. அதே ராபி முல்லரின் கேமரா. அலெக்ஸ் காக்ஸின் 'ரீப்போ மேன்'. தவணை கட்டாதவர்களின் கார்களைத் தூக்கிக்கொண்டு போகும் ஏஜென்ட் பட் ஆக ஸ்டான்டன். ஓயாமல் கத்துகிறார், உபதேசம் செய்கிறார், தொழில் தர்மம் பேசுகிறார், பொருமுகிறார். ட்ராவிஸைப் பார்த்த கண்ணோடு இதைப் பார்த்தால் வேறு ஆள் என்று சத்தியம் செய்வோம். இரண்டையும் ஒரே வாரத்தில் பார்ப்பவர்கள் முதலில் இதைப் பார்ப்பது நல்லது.

ஓர் உபரித் தகவல்: 1996இல் துப்பாக்கியோடு சிலர் அவர் வீட்டில் புகுந்து அவரைக் கட்டிப்போட்டுவிட்டுக் காரையும் எடுத்துப் போனார்கள். காரிலிருந்த தடங்காட்டும் கருவி அவர்களைக் காட்டிக்கொடுத்தது. பட் இதை ரசித்திருப்பான்.

*

சின்ன வேடங்கள், நினைவுக்கு வந்தபடி.

'ப்ரிட்டி இன் பிங்க்', 1986: பெண்டாட்டி விட்டுப் போன அப்பா. வேலையில்லை. காலையில் பள்ளிக்குப் போகும் மகள்தான் இவரை எழுப்பி, வேலை தேடப் போகச் சொல்லிவிட்டுப் போகிறாள். பதின்வயதுக் காதல் படத்துக்குள் இந்த மனிதர் வேறு ஏதோ படத்திலிருந்து வழிதவறி வந்து உட்கார்ந்திருக்கிறார்.

'த லாஸ்ட் டெம்ப்டேஷன் ஆஃப் கிறைஸ்ட்', 1988: இயக்குநர் ஸ்கார்செஸி இவருக்குப் பவுல் வேடம் கொடுத்தார். சிலுவையிலிருந்து தப்பி இல்லறம் நடத்தும் இயேசுவைச் சந்திக்கும் பவுல், நீங்கள் உயிர்த்தெழுந்தீர்களா இல்லையா என்பது எனக்குப் பெரிதில்லை என்கிறார். ஜனங்களுக்கு அது தேவை. இதை ஒரு வியாபாரியின் நல்ல மனசோடு சொல்கிறார். எனக்கு உடம்பு சிலிர்த்தது.

'த கிரீன் மைல்', 1999: சிறையில் எடுபிடி வேலை செய்யும் கிழவர். மின்சார நாற்காலி மரணதண்டனைக்கு முன் காவலர்கள் ஒத்திகை பார்க்க வேண்டும், அதில் சாகப்போகிறவனாக உட்காருவது இவர் வேலை. ஆபாசமாகக் கடைசி ஆசை சொல்லிக் காவலர்களைச் சிரிக்க வைக்கிறார். சாவை ஒத்திகை பார்க்கும் துணைநடிகர். அந்த வேடத்துக்கு இவரை நினைத்தவர் நுட்பமானவர்.

*

இவ்வளவு எழுதிய பிறகு, அவருடைய அமைதியை நான் ஏதோ சாந்த சொரூபமாக ஆக்கிக்கொண்டிருக்கிறேன் என்று தோன்றியது. அதனால் 'பிக் லவ்' தொடரை எடுத்தேன். 2006இல் எச்பிஓவில் தொடங்கியது. பலதார மணத்தைக் கைவிடாத மார்மன் பிரிவினரின் குடியிருப்பு ஒன்று. அதன் தீர்க்கதரிசி ரோமன் கிரான்ட், ஸ்டான்டன். எண்பதை எட்டும் வயது. அகலத் தொப்பி, மெல்லிய குரல், பக்கத்தில் ஒரு பதின்வயது மணப்பெண்.

மனிதர் ஒன்றும் செய்வதில்லை. மேசைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருக்கிறார். எதிரில் இருப்பவர் பேசப் பேசத் தன் வார்த்தையிலேயே சிக்கிக்கொள்கிறார். ட்ராவிஸின் மௌனத்தில் நமக்கு இரக்கம் வந்தது. இங்கே வயிற்றைப் பிசைகிறது. முகம் அதேதான், அந்தக் குழிந்த கன்னமும் நாய்க்குட்டிக் கண்ணும்கூட. பன்முக நடிகர் என்றால் ஒப்பனையும் உடல்மொழியும் குரலும் மாற்றிக்கொண்டே இருப்பவர் என்று நமக்கு ஒரு பழக்கம் இருக்கிறது. பத்து வேடம் போட்டால் பத்து மூக்கு. இவர் ஒரே மூக்கை வைத்துக்கொண்டு ஒரு தீர்க்கதரிசியையும், ஒரு கார் பறிமுதல்காரரையும், பாலைவனத்து ஊமையையும் தந்திருக்கிறார். ஒரே குடத்தில் பாலும் சாராயமும் மாறி மாறி ஊற்றியது மாதிரி. குடம் எதையும் கலந்து கொடுக்கவில்லை.

*

'த ஸ்ட்ரெய்ட் ஸ்டோரி', 1999. டேவிட் லிஞ்ச் படம். அயோவாவிலிருந்து விஸ்கான்சின் வரைக்கும் புல்வெட்டும் வண்டியில் ஒரு முதியவர் தன் அண்ணனைப் பார்க்கப் போகிறார். வருடக்கணக்காகப் பேச்சுவார்த்தை இல்லாத அண்ணன், பக்கவாதம் வந்திருக்கிறது. 1994இல் ஆல்வின் ஸ்ட்ரெய்ட் என்பவர் உண்மையிலேயே செய்த பயணம். படம் முழுக்க ரிச்சர்ட் ஃபார்ன்ஸ்வொர்த் ஊர்ந்து போகிறார். அண்ணனின் பெயர் வந்துகொண்டே இருக்கிறது, ஆள் வருவதில்லை.

கடைசியில் சிதைந்த மர வீடு ஒன்று. தம்பி பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார். உள்ளேயிருந்து ஒரு குரல். நடைவண்டியை ஊன்றிக்கொண்டு லைல் வெளியே வருகிறார். ஸ்டான்டன். முன் திண்ணையில் இருவரும் உட்கார்கிறார்கள். வெளியே நிற்கும் அந்தப் புல்வெட்டும் வண்டியை லைல் பார்க்கிறார். என்னைப் பார்க்க இதிலேயா இவ்வளவு தூரம் வந்தாய் என்று கேட்கிறார். ஆமாம் என்கிறார் தம்பி. லைலின் கண் நிறைகிறது, உதடு கொஞ்சம் கோணுகிறது. அதற்கு மேல் வசனமில்லை. இருவரும் வானத்தை அண்ணாந்து பார்க்கிறார்கள்.

மொத்தம் சில நிமிடம். இரண்டு மணி நேரப் படத்தின் பாரத்தை முழுவதும் யாராவது ஒருவர் அந்தச் சில நிமிடத்தில் வாங்கிக்கொள்ள வேண்டும். லிஞ்ச் யாரைக் கூப்பிட்டிருப்பார் என்று கேட்கவே வேண்டாம்.

*

பதினெட்டு வருடம் கழித்து, 2017, மறுபடி லிஞ்ச். 'ட்வின் பீக்ஸ்' புதிய தொடர். 1992 படத்தில் நடமாடும் வீடுகள் நிறுத்தும் மனை ஒன்றின் மேலாளராக, தூக்கம் கலைந்த எரிச்சலோடு வந்த கார்ல் ராட், இப்போது தொண்ணூறு வயதில் வருகிறார். காலையில் பூங்கா பெஞ்சில் உட்கார்ந்து காப்பி குடிக்கிறார். மரங்களுக்கு நடுவே ஒளி. ஒரு தாயும் சின்னப் பையனும் ஓடிப்பிடித்து விளையாடிக்கொண்டு போகிறார்கள், பார்த்துப் புன்னகைக்கிறார். கொஞ்ச நேரத்தில் தெருமுனையில் ஒரு லாரி அந்தப் பையனை அடித்துவிட்டுப் போகிறது.

கார்ல் போகிறார். சுற்றி நிற்பவர்கள் ஒருவரும் தாயின் பக்கத்தில் போகவில்லை. இவர் போய்க் குனிந்து அவள் தோளில் கை வைக்கிறார். கண்ணைப் பார்க்கிறார். ஆறுதல் ஒன்றும் சொல்லவில்லை. நம் ஊர்களில் துக்க வீட்டுக்குப் போகும் பெரியவர்கள் சிலர் இப்படித்தான், வாயைத் திறக்காமல் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டு வருவார்கள்.

*

'லக்கி'. நடிகராகப் பெயரெடுத்த ஜான் கரோல் லிஞ்ச் இயக்கிய முதல் படம், டேவிட் லிஞ்சுக்கு உறவில்லை. ஸ்டான்டனை வைத்தே எழுதப்பட்ட கதை. எழுதியவர்களில் ஒருவர் அவருடைய உதவியாளராக இருந்தவர். பாலைவனத்துச் சிற்றூரில் தனியாக வாழும் தொண்ணூறு வயதுக்காரர். காலையில் எழுந்து சிகரெட், உள்ளாடையோடு யோகாசனம், ஒரு தம்ளர் பால், கடையில் காப்பி, குறுக்கெழுத்து. ஒருநாள் காரணமில்லாமல் விழுகிறார். மருத்துவர் பரிசோதித்துவிட்டு நோய் ஒன்றுமில்லை என்கிறார். வயதாகிவிட்டது, அவ்வளவுதான். நோய் என்றால் எதிர்க்க ஒன்று இருந்திருக்கும்.

இவருக்கு லக்கி என்று பெயர் வந்தது கடற்படையில் சமையல்காரராக இருந்ததால். கப்பல் சமையலறை இங்கே வந்து சேர்கிறது.

ஒரு நாள் காப்பிக் கடையில் இன்னொரு முதியவரைப் பார்க்கிறார். அவர் ஒக்கினாவாவில் இறங்கிய மரைன் படைவீரர். நடித்தவர் டாம் ஸ்கெரிட், 'ஏலியன்' விண்கலத்தின் கேப்டன். முப்பத்தெட்டு வருடம் கழித்து அந்த மெக்கானிக்கும் கேப்டனும் பக்கத்தில் பக்கத்தில். ஸ்கெரிட் ஒரு சம்பவம் சொல்கிறார்: சண்டை நடந்த இடத்தில் ஒளிந்திருந்து வெளியே வந்த ஒரு சிறுமி. ஏழு வயது இருக்கும். முகத்தில் சிரிப்பு. நம்மைப் பார்த்துச் சந்தோஷப்படுகிறாள் என்று நினைத்தார்களாம். பிறகு ஒருவர் விளக்கினார்: அவள் பௌத்தப் பெண், தன்னைக் கொல்லப் போகிறார்கள் என்று நினைத்திருக்கிறாள், வருவதைப் பார்த்துச் சிரித்திருக்கிறாள்.

பேசுவது ஸ்கெரிட். நான் மறுபடியும் கேட்டுக்கொண்டிருப்பவரைத்தான் பார்த்தேன். பத்தொன்பது நிரம்பாமல் அந்தக் கடலில் சமைத்தவர், தொண்ணூறு வயதில், எழுதிக்கொடுத்த பக்கத்தில், தன் கடலையே இன்னொருவர் வாயால் கேட்கிறார். அந்த முகத்தில் எவ்வளவு லக்கி, எவ்வளவு ஸ்டான்டன் என்று பிரித்துப் பார்க்க முயன்று விட்டுவிட்டேன்.

இன்னொரு காட்சி. கடைக்காரப் பெண்மணியின் பையனுக்குப் பிறந்தநாள், லக்கியை அழைத்திருக்கிறார்கள். மெக்சிகோக் குடும்பங்கள், குழந்தைகள், வாத்தியக்காரர்கள். கொஞ்ச நேரம் நின்றுகொண்டிருந்தவர் தானாகப் பாட ஆரம்பிக்கிறார், ஸ்பானிஷில். திரும்பி வருவதைப் பற்றிய பழைய காதல் பாட்டு. வாத்தியக்காரர்கள் தேடிக்கொண்டு வந்து சேர்கிறார்கள். 1967இல் சிறைக் கொட்டடியில் கேட்ட அதே நடுங்கும் குரல். ஐம்பது வருடத்தில் ஒன்றும் தேறவில்லை, ஒன்றும் கெடவுமில்லை.

*

2017 செப்டம்பர் 15, லாஸ் ஏஞ்சலிஸில் இறந்தார். வயது 91. 'லக்கி' அமெரிக்கத் திரையரங்குகளுக்கு வந்தது அதற்கு இரண்டு வாரம் கழித்து.

*

இன்று கடைசிக் காட்சியை மட்டும் பார்த்தேன். லக்கி உயரமான கள்ளிச்செடிகளுக்கு நடுவே நின்று ஒன்றை அண்ணாந்து பார்க்கிறார். விண்கலத்தில் சொட்டு நீரைப் பார்த்தாரே, அதே கோணத்தில் கழுத்து. தலையில் தொப்பி. பிறகு திரும்பி நேராக நம்மைப் பார்த்து, கொஞ்சம் தாமதித்து, சிரிக்கிறார். திரும்பி நடந்து போய்விடுகிறார்.

படம் அங்கே முடியவில்லை. கதையில் டேவிட் லிஞ்ச் ஒரு வயதானவராக வருகிறார். அவர் வளர்த்த நூறு வயது ஆமை வீட்டைவிட்டு ஓடிவிட்டது. பெயர் பிரசிடென்ட் ரூஸ்வெல்ட். ஊர் சிரிக்கச் சிரிக்கத் தேடி அலைந்து, கடைசியில் அதற்குப் போக வேண்டிய இடம் ஏதோ இருக்கிறது என்று விட்டுவிட்டார். லக்கி போன பிறகு காலியான அந்த மண்ணில் அது வருகிறது. கால் எடுத்து வைக்கிறது, நிற்கிறது, அடுத்த காலை எடுத்து வைக்கிறது.